தெற்குக்காட்டு நிலம்: நம் குடும்பக் குழுவில் பேசியது

சித்தப்பா, காலை 7.10
அனைவருக்கும் வணக்கம். ராதாபுரம் பக்கம் உள்ள நம் 22 ஏக்கர் மானாவாரி நிலத்தைச் சூரிய மின்நிலையத்துக்காக 28 ஆண்டுக் குத்தகைக்குக் கேட்கிறார்கள். மழையை நம்பி உளுந்து விதைத்துக் கிடைப்பதைவிடப் பணம் மிகுதி என்பதால், கொடுக்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது.

அத்தை, 7.32
தம்பி, கொடுப்பதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் காற்றாலை வந்தபோது நடந்ததை மறந்துவிடாதே. றெக்கை ஏற்றிவரும் நீண்ட வண்டிகளுக்காக ஓடையின் குறுக்கே மண்ணைக் கொட்டிச் சாலை போட்டவர்கள், தண்ணீர் கடந்துபோக ஒரு குழாய்கூடப் பதிக்கவில்லை. அந்த ஐப்பசியில் நம் உளுந்து நீரில் நின்று அழுகியது. கீழே இருக்கும் குளமோ பாதிகூடப் பெருகவில்லை.

கார்த்திக், 7.51
அத்தை சொல்வது சரி. சூரிய மின்நிலையம் காற்றாலையைவிட அதிக இடத்தை அடைக்கும். ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாக வைகாசி முதல் ஆவணி வரை வீசும் காற்றுக்காக நட்ட கோபுரத்தின் அடியில் நாம் இன்றும் விதைக்கிறோம், ஆடுகளும் மேய்கின்றன. இதற்கோ 1 மெகாவாட்டுக்கு ஏறத்தாழ 4 முதல் 5 ஏக்கர் வேண்டும் என்பதால், நம் நிலம் முழுவதும் ஐந்து மெகாவாட்டுக்கே சரியாகிவிடும். சுற்றிலும் கம்பிவேலி வரும். தகடுகளின் மேல் நிழல் விழக் கூடாது என்று பனைகளையும் வெட்டச் சொல்வார்கள்.

அத்தை, 8.04
அப்பா காத்துவந்த பனைகள் அவை. ஆண்டுதோறும் நம் நிலத்தில் ஆடுகளை இரவில் அடைத்துக் கிடை போடும் ஆட்டுக்காரர் இனி எங்கே போவார்? குத்தகைப் பணம் நமக்கு வரும், அவருக்கு ஒன்றும் வராது.

பெரியப்பா (விக்கிரமசிங்கபுரம்), 8.20
பாபநாசத்தில் 1944 முதல் தண்ணீரிலிருந்து மின்சாரம் எடுக்கிறார்கள். அங்கே சக்கரத்தைச் சுழற்றிய தண்ணீர் மீண்டும் தாமிரபரணியில் இறங்கி, கோடைமேலழகியான் அணைக்கட்டு வழியாக வயலுக்குப் பாய்கிறது. மின்சாரம் எடுத்த பிறகும் தண்ணீர் தன் வழியே போக வேண்டும் என்பதைத்தான் நாமும் கேட்கிறோம். ஓடையின் அகலம், குழாய்ப் பாலம், வேலிக்கு வெளியே ஆட்டுப்பாதை, வடக்கு வரப்பில் நிற்கும் பனைகள் ஆகிய அனைத்தும் பத்திரத்தில் எழுதப்பட வேண்டும். வாய்வார்த்தையை நம்பி ஒருமுறை ஏமாந்தது போதும்.

சித்தப்பா, 8.41
ஒப்புக்கொள்கிறேன், அண்ணே. எழுத மறுத்தால் கையெழுத்து இல்லை. சனிக்கிழமை காலை சர்வேயரை அழைத்துவருகிறேன். அக்கா, நீங்களும் கட்டாயம் வாருங்கள். அந்தச் சாலை போடுவதற்கு முன்பு ஓடை எங்கே திரும்பியது என்று சரியாகக் காட்டக்கூடியவர் நீங்கள் ஒருவர்தான்.