லைட்ரூமிலிருந்து டார்க்டேபிளுக்கு மாறினால் பழைய திருத்தங்கள் என்னவாகும்?

கேள்வி

வணக்கம். பல ஆண்டுகளாக எடுத்த பறவைப் படங்கள், ஏறத்தாழ 60,000 ரா கோப்புகள் (கேமரா பதப்படுத்தாமல் தரும் படங்கள்), அடோபியின் படத்திருத்த மென்பொருளான லைட்ரூம் கிளாசிக்கின் ஒரே கேட்டலாகில் உள்ளன. பறவையின் பெயர், பருவம், நடத்தை என ஒவ்வொன்றுக்கும் குறிச்சொல் இட்டிருக்கிறேன். சந்தாவைத் தொடர விருப்பமில்லாததால் இலவச மென்பொருளான டார்க்டேபிளுக்கு மாற எண்ணுகிறேன். குறிச்சொற்களும் நட்சத்திர மதிப்பீடும் நிறத் திருத்தங்களும் உடன் வருமா?

மறுமொழி 1

லைட்ரூம் தன் வேலை அனைத்தையும் கேட்டலாக் என்னும் ஒரே எஸ்கியூலைட் தரவுத்தளத்தில்தான் முதலில் எழுதுகிறது. படத்தின் அருகில் எக்ஸ்எம்பி என்னும் சிறு துணைக் கோப்பாகவும் எழுதும்படி நாம் கேட்டால்தான் அது வெளியே வரும். ஆகவே சந்தா முடிவதற்கு முன்பே எல்லாப் படங்களையும் தேர்ந்தெடுத்து, மெட்டாடேட்டாவை (படத்தைப் பற்றிய விவரங்களை) கோப்பில் சேமிக்கும் கட்டளையைக் கொடுங்கள். குறிச்சொற்களும் நட்சத்திரங்களும் வண்ணக் குறிகளும் அதில் பதிவாகும். ஆனால் தொகுப்புகளும், மெய்நிகர் நகல்களும் (ஒரே கோப்பின் மாற்றுத் திருத்த வடிவங்கள்) பதிவாகமாட்டா. தேர்வுக் கொடிகளும் (படத்தைத் தேர்ந்ததாகவோ விலக்கியதாகவோ காட்டும் குறிகள்) உடன் வருமென்று நம்பவேண்டாம். பலர் இழப்பது இவற்றைத்தான்.

மறுமொழி 2

நிறத் திருத்தங்களைப் பற்றி வெளிப்படையாகச் சொல்லிவிடுகிறேன்: அவை அப்படியே வாரா. டார்க்டேபிள் லைட்ரூமின் எக்ஸ்எம்பியைப் படித்து வெட்டுதல், எக்ஸ்போஷர் (ஒளியளவு), டோன் கர்வ் (ஒளி நிழல் வளைவு) போன்ற சிலவற்றைத் தனக்குரிய வடிவில் மாற்றிக்கொள்ளும். எனினும் ஒவ்வொரு மென்பொருளும் சென்சார் தரவிலிருந்து நிறத்தை உருவாக்கும் கணக்கு வேறு என்பதால், ஒரே எண்ணைக் கொடுத்தாலும் ஒரே படம் கிடைக்காது. அச்சுக்கோ கண்காட்சிக்கோ முடித்து வைத்த படங்களை மட்டும் 16 பிட் டிஃப் (தரம் குறையாத பட வடிவம்) கோப்புகளாக ஏற்றுமதி செய்துகொள்ளுங்கள். 24 மெகாபிக்சல் படம் ஒன்று சுருக்கமின்றி 144 எம்பி அளவுக்கு வரும் என்பதால் எல்லாவற்றையும் அவ்வாறு செய்ய முயலவேண்டாம்.

மறுமொழி 3

மேலே சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். சந்தா முடிந்த பிறகும் லைட்ரூம் கிளாசிக் திறக்கும். டெவலப் (திருத்தம்), மேப் (வரைபடம்) ஆகிய பகுதிகள் மட்டும் பூட்டப்படும், படங்களைத் தேடவும் பழைய திருத்தங்களோடு ஏற்றுமதி செய்யவும் தடையில்லை. எனவே பழைய கேட்டலாகை அழிக்காமல் வைத்துக்கொண்டு, புதிய படங்களை மட்டும் டார்க்டேபிளில் தொடங்குவதே அறிவுடைமை என்பது என் உறுதியான கருத்து. உங்களைப் போல் குறிச்சொற்களை நம்பி வேலை செய்பவருக்கு, வகைப்படுத்தலுக்கு டிஜிகேம் என்னும் இலவச மென்பொருளையும் திருத்தத்துக்கு டார்க்டேபிளையும் சேர்த்துப் பயன்படுத்துவது இன்னும் வசதியாக இருக்கும். டிஜிகேமின் குறிச்சொல் அடுக்கு அவ்வளவு நேர்த்தியானது.

கேள்வி கேட்டவர்

மூவருக்கும் நன்றி. என் சிறந்த படங்களையெல்லாம் இதுவரை தேர்வுக் கொடியால் மட்டுமே அடையாளமிட்டு வந்திருக்கிறேன். அவற்றை வடிகட்டி, அனைத்துக்கும் தனிக் குறிச்சொல் ஒன்றை இட்ட பிறகே எக்ஸ்எம்பியில் சேமிக்கப் போகிறேன். முதலில் 200 படங்களின் நகலை வைத்துச் சோதித்துப் பார்த்துவிட்டு, கிடைத்ததை இங்கேயே எழுதுகிறேன்.