மகப்பேறு உதவித்தொகை: முதல் தவணை 6,000 வரவில்லை, எங்கே நின்றது என்று எப்படிப் பார்ப்பது?

செங்காந்தள் (கேள்வி):
எங்கள் தெருப் பெண் ஒருத்திக்காகக் கேட்கிறேன். முதல் பிள்ளை, ஏழாம் மாதம் நடக்கிறது, வயது 22. பத்தாவது வாரத்திலேயே பதிந்து பிக்மி எண் (அரசின் கர்ப்பப் பதிவு எண்) வாங்கியாச்சு. முதல் ஊட்டச்சத்துப் பெட்டகமும் கைக்கு வந்தது. தமிழ்நாடு அரசின் முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு உதவித் திட்டத்தில் கர்ப்பத்தின் நாலாம் மாதம் வரவேண்டிய பணம் மட்டும் காணோம். நர்ஸம்மா "எங்க பக்கம் எல்லாம் ஏத்தியாச்சு" என்கிறார். வங்கியில் "ஆதார் லிங்க் ஆகியிருக்கு, பணம்தான் வரலை" என்கிறார்கள். கொடுத்திருப்பது பழைய பாண்டியன் கிராம வங்கி பாஸ்புக். கணவர் கணக்கைக் கொடுத்துவிடலாமா? வளைகாப்பு முடிந்து வேறு மாவட்டத்தில் இருக்கும் அம்மா வீட்டுக்குப் போகப்போகிறாள்.

வேப்பமரம்:
கணவர் கணக்கு வேண்டவே வேண்டாம். கூட்டுக் கணக்கும் வேண்டாம். அவள் பேரில் மட்டும் இருக்க வேண்டும்.

முதலில் அந்த பாஸ்புக். பாண்டியன் கிராம வங்கியும் பல்லவன் கிராம வங்கியும் 2019இல் இணைந்து தமிழ்நாடு கிராம வங்கி ஆகிவிட்டன. ஐஎஃப்எஸ்சி (வங்கிக் கிளையின் குறியீடு) மாறிவிட்டது. கிளைக்குப் போய்ப் புதுப் பாஸ்புக் வாங்கி, அதன் முதல் பக்க நகலை நர்ஸிடம் கொடுத்து, பிக்மியில் உள்ள கணக்கு எண்ணையும் ஐஎஃப்எஸ்சியையும் எழுத்து எழுத்தாகச் சரிபாருங்கள். இரண்டு வருடம் வரவு செலவு இல்லாத கணக்கு செயலற்றுப் போயிருக்கும். ஆதாரும் போட்டோவும் கொடுத்து கேஒய்சி (வாடிக்கையாளர் அடையாள விவரம்) புதுப்பிக்க வேண்டும். பேரையும் பாருங்கள். ஆதாரில் அப்பா இனிஷியல், பாஸ்புக்கில் கணவர் இனிஷியல் என்று இருந்தால் ஏதாவது ஒரு கட்டத்தில் மாட்டும்.

நெய்தல்:
வங்கி சொன்ன "லிங்க் ஆகியிருக்கு" என்பதை நம்பி விட்டுவிடாதீர்கள். கேஒய்சிக்கு ஆதார் கொடுத்திருப்பது வேறு, மானியம் வாங்க என்பிசிஐ மேப்பிங் (ஆதார் எண்ணுக்கு வரும் பணம் எந்த வங்கிக்குப் போக வேண்டும் என்ற பதிவு) செய்திருப்பது வேறு. முதல் குழந்தைக்குக் கிடைக்கும் தொகையில் மத்திய அரசின் மகப்பேறு உதவித் திட்டமான மாத்ரு வந்தனாவின் பங்கும் அடக்கம். அந்தப் பணம் ஆதார் எண்ணைப் பிடித்துக்கொண்டுதான் போகும். கடைசியாக எந்த வங்கி மேப் ஆகியிருக்கிறதோ அங்கே விழும். நீங்கள் கொடுத்த பாஸ்புக்கைப் பார்க்காது.

ஆதார் ஆணையத்தின் மைஆதார் இணையதளத்தில் அவள் ஆதார் எண், ஓடிபி போட்டு உள்ளே போய் வங்கி இணைப்பு நிலையைப் பாருங்கள். வங்கியின் பேரும், இணைப்பு செயலில் இருக்கிறதா என்பதும் தெரியும். ஆதாரில் கைபேசி எண் இல்லையென்றால் முதலில் ஆதார் மையத்திலோ தபால்காரர் மூலமோ அதைச் சேர்க்க வேண்டும்.

செங்காந்தள்:
பார்த்தாச்சு. கிராம வங்கி பேரே இல்லை. ஏதோ ஒரு பேமென்ட்ஸ் வங்கி பேர் வருகிறது. இப்படி ஒரு கணக்கு இருப்பதே அவளுக்குத் தெரியாது!

நெய்தல்:
சிம் வாங்கும்போது வைத்த கைரேகையில் திறந்திருப்பார்கள். இது நிறைய நடந்திருக்கிறது. அவசரப்பட்டு உடனே மாற்றாதீர்கள். முதலில் அந்த வங்கியின் முகவர் கடைக்கு ஆதாரோடு போய், விரல் வைத்து இருப்பைப் பாருங்கள். பணம் இருந்தால் அங்கேயே எடுத்துவிடலாம். எடுத்த கையோடு ரசீது கேட்டு வாங்குங்கள். அப்புறம் கிராம வங்கியில் ஆதார் சீடிங் படிவம் (அந்த மேப்பிங்கை இந்த வங்கிக்கு மாற்றக் கேட்பது) எழுதிக் கொடுத்து, சில நாள் கழித்து மறுபடி தளத்தில் பார்த்து உறுதி செய்யுங்கள்.

அங்கேயும் பணம் இல்லையா? நர்ஸிடம் "ஏத்தியாச்சா" என்று கேட்காதீர்கள். "பணம் போனதா, திரும்பி வந்ததா, திரும்பியது என்றால் என்ன காரணம் காட்டுகிறது" என்று கேளுங்கள். திரும்பிய பணம் தானாக மறுபடி வந்துவிடும் என்று காத்திருப்பதில்தான் பலருக்கு மாதக்கணக்கில் போகிறது. விவரத்தைத் திருத்தி மறுபடி அனுப்ப வைக்க வேண்டும்.

கரிசல்மண்:
அம்மா வீட்டு விஷயத்தை யாரும் தொடவில்லையே. அடுத்த தவணை அதில்தான் சிக்கும். அங்கே போனதும் புதிதாகப் பதியக் கூடாது. ஒரே கர்ப்பத்துக்கு இரண்டு எண் விழுந்தால் இரண்டுமே குழப்பம். பழைய பிக்மி எண்ணையும் தாய் சேய் நல அட்டையையும் அந்த ஊர் நர்ஸிடம் காட்டினால் போதும். குழந்தையின் பிறப்புச் சான்றிதழுக்கும் அந்த எண்ணைத்தான் கேட்பார்கள்.

குழந்தையின் 4ஆம் மாதம் வரும் 6,000க்கு, 14ஆவது வாரத்தில் போடும் மூன்றாவது பென்டா (ஐந்து நோய்களுக்கான தடுப்பு) ஊசி வரை பதிவாகியிருக்க வேண்டும். ஊசி அம்மா வீட்டில் போடுவார்கள், அட்டையிலும் எழுதுவார்கள், ஆனால் கணினியில் ஏற்றாமல் விட்டுவிடுவார்கள். போட்ட அன்றே கேட்டுவிடுங்கள். 9ஆம் மாதம் தட்டம்மை ரூபெல்லா ஊசிக்குப் பிறகு வரும் கடைசி 2,000க்கும் இதே கதைதான். இரண்டாவது பெட்டகம் எந்த ஊரில் வாங்குவது என்பதை ஊருக்குக் கிளம்பும் முன்பே பேசி முடியுங்கள்.

வேப்பமரம்:
இந்தப் பெண்ணுக்குத் தகுதியில் சிக்கல் இல்லை. 19 வயது நிறையாதவர்களையும் மூன்றாவது பிரசவத்தையும் திட்டம் வெளியே நிறுத்துகிறது, அவர்களுக்குத்தான் தேவை அதிகம் என்றாலும். 2013 உணவுப் பாதுகாப்புச் சட்டம் மகப்பேறு உதவியாகக் குறைந்தது 6,000 என்று சொல்லும் இடத்தில் எத்தனையாவது பிள்ளை என்ற கணக்கே கிடையாது.

நர்ஸ் மட்டத்தில் நகரவில்லை என்றால் வட்டார மருத்துவ அலுவலருக்கு எழுத்தில் மனு கொடுங்கள். பிக்மி எண், பதிந்த தேதி, பாஸ்புக் நகல், ஆதார் இணைப்பு நிலையின் அச்சு எல்லாம் சேர்ந்திருக்கட்டும். அதற்கும் அசையாவிட்டால் முதல்வரின் உதவி மையத் தொலைபேசி எண்ணான 1100இல் பதிந்து மனு எண் வாங்குங்கள், அல்லது திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகக் குறைதீர் கூட்டம். மனுவில் "பணம் வரவில்லை" என்று மட்டும் எழுதினால் "பரிசீலனையில் உள்ளது" என்றுதான் பதில் வரும். "எந்தத் தேதியில், எந்த வங்கிக்கு அனுப்பப்பட்டது என்று தெரிவிக்கவும்" என்று எழுதுங்கள்.