மூனிஸ் ரசாவை நான் பார்த்ததில்லை, அவர் கட்டிய இடத்தில் படித்தேன்

நேரில் பழகிய கதை என்னிடம் இல்லை. புவியியல் அறிஞர் மூனிஸ் ரசா 1994இலேயே காலமாகிவிட்டார், நான் டெல்லியிலுள்ள ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் (ஜே.என்.யு.) எம்.ஏ. புவியியல் சேர்ந்தது அதற்குச் சில வருஷம் கழித்து. ஆனாலும் அங்கே எந்தப் பக்கம் திரும்பினாலும் அவர் கைபட்ட ஏதாவது ஒன்று இருக்கும்.

எனக்குக் கிடைத்த விடுதி பெரியாறு. சுற்றிலும் காவேரி, கோதாவரி, சபர்மதி, ஜீலம், சட்லெஜ் என்று எல்லாம் ஆறுகள்தான். வளாகத்தின் பகுதிகளுக்கோ உத்தராகண்ட், தட்சிணாபுரம், பூர்வாஞ்சல் என்று திசைப் பெயர்கள். இதெல்லாம் ரசா சாரின் யோசனை என்றுதான் சீனியர்கள் சொல்வார்கள். எனக்கு மேலூர்ப் பக்கம், பெரியாறு கால்வாயில் தண்ணீர் வந்தால்தான் எங்கள் வயலில் நடவு. ஆரவல்லிப் பாறை மேலே, நம்ம ஊர்ச் சீமைக்கருவேலம் மண்டிக் கிடக்கிற காட்டுக்கு நடுவே, அந்த ஆற்றின் பெயர் எழுதிய கட்டடத்தில் எனக்கு ஒரு ரூம் என்றதும், இந்தி தெரியாமல் வந்து இறங்கிய பயம் பாதி போய்விட்டது.

ஆள் யாரென்று தெரியாதவர்களுக்காக: 1925இல் உ.பி.யில் பிறந்தவர், சொந்த ஊர் காஜிப்பூர்ப் பக்கம். அலிகர் முஸ்லிம் பல்கலைக்கழகத்தில் புவியியல் ஆசிரியர். ஜே.என்.யு. 1969இல் தொடங்கியபோது முதல் துணைவேந்தர் ஜி. பார்த்தசாரதி, அவரோடு நின்று அதை உருவாக்கியவர்களில் ரசா முக்கியமானவர், பிறகு அங்கேயே ரெக்டர், அதாவது துணைவேந்தருக்கு அடுத்த பொறுப்பு. அப்புறம் 1985 முதல் 1990 வரை டெல்லி பல்கலைக்கழகத் துணைவேந்தர். அந்தச் சமயத்தில்தான் டிவியில் ஞாயிறு தவறாமல் ஓடிய மகாபாரதத்துக்கு அவருடைய தம்பி ராஹி மாசூம் ரசா வசனம் எழுதிக்கொண்டிருந்தார்.

சி.எஸ்.ஆர்.டி. (வட்டார வளர்ச்சி ஆய்வு மையம்) என்கிற எங்கள் மையம் அவர் முன்நின்று அமைத்தது. புவியியல், பொருளாதாரம், மக்கள்தொகை எல்லாம் ஒரே இடத்தில். பள்ளிக்கூடத்தில் மழையளவும் பயிரும் மனப்பாடம் செய்துவிட்டு வந்தவனுக்கு, சென்சஸ் புத்தகத்தைக் கையில் கொடுத்து மாவட்டம் மாவட்டமாகக் கலர் அடிக்கச் சொன்னால் எப்படி இருக்கும்! அவரும் எய்ஜாஸுதீன் அகமதும் சேர்ந்து 1990இல் கொண்டுவந்த பழங்குடிகள் அட்லஸை லைப்ரரியில் விரித்து வைத்துக்கொண்டு, எந்தெந்த மலையோரம் எப்படி நிழல் விழுந்திருக்கிறது என்று நானும், வறுமைக்குப் பேர்போன ஒடிசாவின் காலாஹண்டி மாவட்டத்து நண்பன் ஒருத்தனும் நேரம் போவது தெரியாமல் பார்த்திருக்கிறோம். அவன் மாவட்டம் எந்த வரைபடத்திலும் அடையாளம் தெரிந்துவிடும்.

அவன் ஜே.என்.யு.வுக்குள் வந்ததற்கும் அந்த மாதிரி ஒரு கணக்குதான் கைகொடுத்தது. மாவட்டத்தில் பெண்கள் எவ்வளவு பேர் படித்திருக்கிறார்கள், எத்தனை வீட்டில் கழிப்பறை இல்லை என்றெல்லாம் பார்த்து, பின்தங்கிய மாவட்டத்துப் பிள்ளைகளுக்கு அட்மிஷனில் கூடுதல் புள்ளி கொடுக்கும் முறை அங்கே இருந்தது. எழுபதுகளில் வந்தது, எண்பதுகளில் எடுத்துவிட்டார்கள், தொண்ணூறுகளில் திரும்ப வந்தது. இதை ரசா ஒருத்தர் கணக்கில் எழுத மாட்டேன், மாணவர் சங்கம் போராடாமல் இருந்தால் நடந்திருக்காது. ஆனால் ஒருவன் எந்த ஊரிலிருந்து வருகிறான் என்பதையும் மார்க்கோடு சேர்த்துப் பார்க்க வேண்டும் என்கிற எண்ணம் புவியியல்காரர்களுக்கு இயல்பாக வரக்கூடியது, அவர்கள் நிர்வாகத்திலும் இருந்தது அந்தப் பல்கலைக்கழகத்துக்குப் பெரிய பலம் என்று உறுதியாக நம்புகிறேன்.

டெல்லி பல்கலைக்கழகத்தில் அவர் இருந்த அந்த ஐந்து வருஷம் பற்றித்தான் எனக்கு யாரும் விவரமாகச் சொன்னதில்லை. அப்போது அங்கே படித்தவர்கள், வேலை பார்த்தவர்கள் யாராவது இருந்தால் கட்டாயம் எழுதுங்கள்.