உங்கள் ஆட்டத்தில் வந்த காற்று மந்திரவாதி – அனுபவம் சொல்லுங்கள்

டி அண்ட் டி (டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ், பகடை உருட்டிக் கதை ஆடும் மேசை ஆட்டம்), ஐந்தாம் பதிப்பு. நான்தான் டிஎம், அதாவது கதையை நடத்துகிறவன். காற்றைப் பற்றி மட்டுமே ஆயுள் முழுக்கப் படித்த ஒரு கிழவரை உருவாக்கியிருந்தேன். கஸ்ட் ஆஃப் விண்ட் என்ற காற்று மந்திரம் போட்டால் மெழுகுவர்த்தி அணையும் இல்லையா? இவர் படிக்கிற மேசையிலேயே பயிற்சி செய்துவிட்டு, ஒவ்வொரு தடவையும் இருட்டில் சிக்கிமுக்கிக் கல்லைத் துழாவுவார். பிளேயர்களுக்கு அவர் என்றால் உயிர்.

பாலத்தில் துரத்தல். கிழவர் நின்று காற்றை ஏவினார். அறுபது அடி நீளத்துக்கு ஒருத்தனும் முன்னேற முடியவில்லை. நாலாவது ரவுண்டில் ஒரு அம்பு பட்டது. மந்திரம் கலையாமல் பிடித்துக்கொள்ள உருட்டும் கான்சன்ட்ரேஷன் சேவ், 10 வேண்டும். திரைக்குப் பின்னால் உருட்டினேன். ஏழு. கூட இரண்டு, ஒன்பது. ஐந்து பேரும் என் முகத்தையே பார்க்கிறார்கள். பகடையை நான் மட்டும்தான் பார்த்தேன். "காற்று நின்றது" என்றேன். ஒன்றைக் கூட்டிச் சொல்லியிருக்கலாமா என்று இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

---

அம்பு வரும் என்று தெரிந்தும் அவர் ஏன் விண்ட் வால் என்ற காற்றுச் சுவர் மந்திரத்தைப் போடவில்லை? சாதாரண அம்பு எல்லாம் மேலே தூக்கி வீசப்பட்டிருக்குமே. அறிஞராம்!

---

கிழவர் மாதிரி படித்து மந்திரம் கற்கும் விசார்டுகளின் மந்திரப் பட்டியலிலேயே விண்ட் வால் கிடையாது, ட்ரூயிட், ரேஞ்சர் என்ற வேறு வகைக் கேரக்டர்களுக்குத்தான். கிடைத்தாலும் அதற்கும் கான்சன்ட்ரேஷன். இரண்டையும் சேர்த்துப் பிடிக்க முடியாது. சரி, என் கதை.

நான் ஆடியதே அப்படி ஒரு காற்றுப் படிப்பாளிதான், நாலாம் லெவல். கோபுரத்தின் உச்சித்தளம் இடிந்து எல்லோரும் விழுகிறோம், 120 அடி. விழுகிறவர்களை மெல்ல இறக்கும் ஃபெதர் ஃபால் மந்திரம் கைவசம் இருந்தது. ஐந்து பேரைத்தான் தாங்கும். நாங்கள் ஆறு. டிஎம் "யார் யார்?" என்றார். நான் விரல் விட்டு எண்ணினேன். கட்டைவிரலில் ஆரம்பித்துச் சுண்டுவிரலில் முடித்தேன், என் பெயரைச் சொல்லவே இல்லை. பக்கத்தில் இருந்தவர் "உன்னை விட்டுட்டே" என்றார். "தெரியும்" என்றேன். விழுந்த சேதம் 12டி6, அதாவது பன்னிரண்டு ஆறுமுகப் பகடை, நாற்பத்தேழு. என்னிடம் மொத்தமே 22 எச்பி (உயிர்ப்புள்ளி). சாகாமல் தப்ப உருட்டும் டெத் சேவுக்குக்கூட வழியில்லை.

அது முடிந்தும் விடவில்லை. அடுத்த கேம்பெயின் (புதிய தொடர்கதை) அதே உலகம், நூறு வருஷம் கழித்து. புதிதாகச் சேர்ந்த பெண் ஒரு சந்தையில் பழைய மந்திரப் புத்தகம் வாங்குகிறாள். வாடை, கொண்டல், தென்றல், கோடை என்று நாலு பாகம். நான் எப்போதோ டிஎம்மிடம் சும்மா சொல்லி வைத்த தலைப்புகள். நாலாவது பாகம் வெறும் தாள். மந்திரத்தின் ஒரு லெவலுக்கு ஐம்பது பொன், இரண்டு மணி நேரம் என்று அவள் முதலில் நகலெடுத்தது ஃபெதர் ஃபால். யார் புத்தகம் என்று அவளுக்கு யாரும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை.

---

கோடை என்றால் வெயில்காலம் ஆயிற்றே, காற்றுப் புத்தகத்தில் என்ன வேலை?

---

மேல்காற்றுக்கும் கோடை என்றுதான் பெயர்.

எனக்கு அனுபவம் என்று பெரிதாக இல்லை, என் காற்று மந்திரவாதி இரண்டாவது செஷனிலேயே கோப்ளின் கையில் போய்விட்டான். ஆனால் டிஎம்களுக்கு ஒன்று. திரைக்குப் பின்னால் உருட்டாதீர்கள். பொதுவில் உருட்டினால் பழி பகடை மேல் போகும், உங்கள் மேல் வராது. அப்புறம், செத்த ஆளின் கேரக்டர் ஷீட்டைக் கிழிக்காதீர்கள், ஒரு உறையில் போட்டு வையுங்கள். மந்திரப் புத்தகத்தில் என்னென்ன இருந்தது என்று அன்றைக்கே எழுதிவிடுங்கள், ஆறு மாதம் கழித்துக் கேட்டால் யாருக்கும் ஞாபகம் இருக்காது. காற்று வீசும் திசையைக் காகிதத்தில் அம்புக்குறி போட்டுக் காட்டுங்கள். வாயால் சொன்னால் சண்டைதான். முக்கியமாக, நெஞ்சைத் தொட்ட என்பிசியை (டிஎம் ஆடும் பாத்திரத்தை) அடுத்த செஷனில் உயிர்ப்பிக்காதீர்கள்.

---

முதல் பதிவு போட்டவன்தான். கிழவரை உயிர்ப்பிக்கவில்லை. போன செஷனில் அவர் படித்த அறைக்குத் திரும்பப் போனார்கள். மேசையில் பாதி எரிந்த மெழுகுவர்த்தி என்று மட்டும் சொன்னேன். ஒருவர் "நான் ஏற்றுகிறேன்" என்றார். இன்னொருவர் ஜன்னலைச் சாத்தினார்.