ஆனந்த் பட்வர்தன் எடுப்பது ஆவணமா, பிரசாரமா?

தறியோசை: ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தன் அயோத்தி ராமர் கோயில் இயக்கத்தைப் பற்றி எடுத்த 'ராம் கே நாம்' (1992) இப்போதுதான் முழுசாகப் பார்த்தேன். துணிச்சலான படம், மறுக்கவில்லை. ஆனால் ஒரு இடம் உறுத்துகிறது. கோயில் கட்டக் கிளம்பிய இளைஞர்களிடம் ராமர் எந்தக் காலத்தில் பிறந்தார் என்று கேட்கிறார். திணறுகிறார்கள். திடீரென்று கேமராவை நீட்டினால் யார்தான் திணறமாட்டார்கள்? முடிவை முதலிலேயே எடுத்துவிட்டு, அதற்குத் தோதான முகங்களைப் பொறுக்கி வந்த மாதிரி இருக்கிறது.

மூவியோலா: சாய்வு இருக்கிறது. அதை அவர் என்றைக்காவது மறைத்தாரா? மறைக்கிறவர்களிடம்தான் எனக்குப் பயம். அப்புறம், பூசாரி லால்தாஸை ஏன் விட்டுவிட்டீர்கள்? ராமஜென்மபூமிக் கோயிலுக்கு நீதிமன்றம் நியமித்த தலைமைப் பூசாரி. பாபர் மசூதி இடிபடுவதற்கு முன்பே, இது பக்தி இல்லை, அரசியல் என்று கோயில் இயக்கத்தை நடத்திய விசுவ ஹிந்து பரிஷத்தைப் பற்றி அந்தப் படத்தில் பேசுகிறார். 1993இல் அவரைக் கொன்றுவிட்டார்கள். இந்தப் படம் இல்லையென்றால் அவர் பேச்சு நம் வரைக்கும் வந்திருக்குமா?

தறியோசை: லால்தாஸ் விஷயத்தில் சண்டை இல்லை. நான் கேட்பது கேமரா பிடிப்பவருக்கும் எதிரே நிற்பவருக்கும் உள்ள ஏற்றத்தாழ்வைப் பற்றி.

மூவியோலா: அப்படியென்றால் 'ஹமாரா ஷஹர்' (1985) பாருங்கள். பம்பாயில் குடிசைகளை இடித்ததைப் பற்றிய படம். தெருவில் நிற்கும் ஒரு பெண் இயக்குநரையே ஏசுகிறார். எங்களைப் படம் பிடித்து நீ பெயர் வாங்கத்தானே வந்திருக்கிறாய் என்கிற தொனி. வெட்டியிருக்கலாம், வெட்டவில்லை.

தறியோசை: அதை வைத்துக்கொண்டதும் ஒரு சாமர்த்தியம்தான். திட்டு வாங்கிய நேர்மையாளர் என்ற பெயர் கிடைத்தது. அந்தப் பெண்ணுக்கு என்ன கிடைத்தது?

மாட்னி ஷோ: இரண்டு பேரும் பாட்டை மறந்துவிட்டீர்கள்! அதே படத்தில் பாடியவர் தலித் கவிஞர் விலாஸ் கோக்ரே. 1997 ஜூலையில் மும்பை ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டதை எதிர்த்துத் திரண்டவர்களைப் போலீஸ் சுட்டது, 10 பேர் செத்தார்கள். சில நாளில் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். அதில் தொடங்கி 14 வருடம் எடுத்த படம்தான் 'ஜெய் பீம் காம்ரேட்' (2011). கோக்ரே இருந்த இடதுசாரிக் குழு அவரை விலக்கி வைத்ததையும் சொல்கிறது. தன் பக்கத்து ஆட்களையும் விடவில்லையே, இதுவா முடிவெடுத்துவிட்டுப் போவது?

தறியோசை: சரி, அந்தப் படத்துக்கு ஒரு மதிப்பெண். இன்னொன்று. சுயாதீனக் கலைஞர் என்கிறோம். ஆனால் அரசு விருதை வாங்கிக்கொண்டு, தூர்தர்ஷனில் போடு என்று வழக்கும் போடுகிறார். எந்த ஊர் சுயாதீனம் இது?

மூவியோலா: தூர்தர்ஷன் யார் காசில் நடக்கிறது? நம் காசில். அரசே விருது கொடுத்த படத்தை அரசு டிவி காட்டமாட்டேன் என்றால் கோர்ட்டுக்குத்தான் போகணும். தியேட்டர் கிடைக்காத படம் கிராமத்து வீட்டுக்குள் போக அன்றைக்கு வேறு என்ன வழி? 'ராம் கே நாம்' அப்படிப் போராடித்தான் ஒளிபரப்பானது. அணுகுண்டு சோதனையை விமர்சித்த 'ஜங் ஔர் அமன்' படத்தில் தணிக்கை வாரியம் வெட்டு கேட்டது. பம்பாய் உயர் நீதிமன்றம் 2003இல் ஒரு வெட்டும் வேண்டாம் என்றது. அவர் ஜெயித்த வழக்குகள் அடுத்து வருகிற இயக்குநர்களுக்கும் உதவும்.

தறியோசை: வழக்கில் ஜெயித்ததற்குக் கைதட்டுகிறேன். அது படத்தின் தரத்துக்குச் சான்றிதழ் ஆகாது. எதிர்த்தரப்பில் யோசித்துப் பேசுகிற ஒரே ஒரு ஆளை அவர் படத்தில் பத்து நிமிடம் குறுக்கே பேசாமல் உட்கார வைக்கட்டும், அப்புறம் பார்க்கலாம்.