வீட்டுக் கடன்: 50 தவணை கட்டியாச்சு, இன்னும் 228 பாக்கி காட்டுது. எப்படி?

சோமனூர்_தறி:

வணக்கமுங்க. 2021 அக்டோபரில் கோவையில் பழைய தனி வீடு ஒன்று 52 லட்சத்துக்கு வாங்கினோம். வீடும் கடனும் என் வீட்டுக்காரர் பேரில். கடன் 40 லட்சம், 20 வருஷம், மாறும் வட்டி 6.9 சதவீதம், இ.எம்.ஐ. 30,772. 2023 ஏப்ரலில் இ.எம்.ஐ.யை 32,909 ஆக்கினார்கள். ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டி) ஏறிடுச்சு என்றார்கள், சரி என்று கட்டினோம். ஒரு தவணைகூடத் தவறியதில்லை.

2026 ஜனவரியில் ஆப்பைத் திறந்து பார்த்தேன். டிசம்பர் தவணை போக நிலுவை 38,05,045, மீதித் தவணை 228, வட்டி 8.15. 240-ல் 50 கட்டியாச்சு என்றால் 190 தானே இருக்கணும்? இதுவரை கட்டினது 16,09,121 ரூபாய். அசலில் குறைந்தது 2 லட்சம்கூட இல்லை. கிளையில் கேட்டால் "சிஸ்டம் தானா போட்டுக்கும் மேடம்" என்பதற்கு மேல் பேச ஆளில்லை.

இது கணக்குத் தப்பா? இப்படியே போனால் இந்த 40 லட்சத்துக்கு மொத்தம் எவ்வளவு கட்டுவோம்? அவர் 2043-ல் ரிடையர் ஆகிறார். அதுக்கப்புறமும் கடன் ஓடும் என்று நினைத்தாலே தூக்கம் வரமாட்டேங்குது.

---

மூன்றாம்_தெரு:

எங்க வீட்டிலும் இதே கதைதான். ஸ்டேட்மென்ட்டை எடுத்து மாசவாரியா அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவுன்னு பாருங்க. ஆப்பில் நிலுவை மட்டும்தான் தெரியும். 2022 கடைசி, 2023 தொடக்கத்துல உள்ள வரிகளை இங்கே போடுங்க.

---

சோமனூர்_தறி:

எடுத்துட்டேன். முதல் தவணை, 2021 நவம்பர்: வட்டி 23,000, அசல் 7,772. 2023 ஜனவரி: வட்டி 29,850, அசல் 922. பார்த்ததும் நெஞ்சு அடைச்சிடுச்சு. 30,772 ரூபாய் கட்டியதில் 922 ரூபாய்தானா கடன்ல கழிஞ்சது?

---

பழைய_பாஸ்புக்:

அம்மா, நான் வங்கியில் கடன் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். நீங்கள் கொடுத்த எண்களைத் தனியே போட்டுப் பார்த்துவிட்டேன். கணக்கில் தப்பு இல்லை. ஆனால் உங்களிடம் கேட்க வேண்டியதைக் கேட்காமல் செய்திருக்கிறார்கள்.

நீங்கள் கடன் வாங்கியபோது ரெப்போ 4 சதவீதம். அதன் மேல் வங்கி தன் பங்காகச் சேர்த்து வைத்த வட்டி, அதாவது ஸ்ப்ரெட், 2.9. இரண்டும் சேர்ந்துதான் 6.9. 2022 மே மாதத்தில் ரிசர்வ் வங்கி ஏற்ற ஆரம்பித்து, 2023 பிப்ரவரிக்குள் ரெப்போவை 6.5-க்குக் கொண்டுபோனது. உங்கள் வட்டி 9.4 ஆகிவிட்டது. அன்றைய நிலுவை 39.12 லட்சத்துக்கு 9.4 சதவீதம் என்றால் மாத வட்டி மட்டும் 30,644 ரூபாய். பழைய இ.எம்.ஐ.யையே விட்டிருந்தால் மாதம் 128 ரூபாய்தான் அசலுக்குப் போயிருக்கும், கடன் தீரவே தீராது. அதனால்தான் இ.எம்.ஐ.யை ஏற்றினார்கள்.

எவ்வளவு ஏற்றினார்கள் என்பதுதான் விஷயம். அன்று உங்களுக்கு மிச்சம் இருந்தது 223 தவணை. அதே 223-ல் முடிக்க வேண்டுமானால் இ.எம்.ஐ. 37,167 ஆகியிருக்க வேண்டும். அவர்கள் போட்டதோ 32,909. அந்தத் தொகைக்குக் கணக்கு 343 தவணையில்தான் முடியும். அதாவது உங்கள் 20 வருஷக் கடனை 30 வருஷக் கடனாக மாற்றிவிட்டு, இ.எம்.ஐ. இரண்டாயிரம் ஏறியதை மட்டும் சொல்லியிருக்கிறார்கள். 2025-ல் ரெப்போ படிப்படியாக 5.25-க்கு இறங்கியதால்தான் அந்தக் காலம் இப்போது 228-க்குச் சுருங்கி வந்திருக்கிறது.

மொத்தம் கேட்டீர்கள். முதலில் ஒப்புக்கொண்டபடி என்றால் 40 லட்சத்துக்கு 73.85 லட்சம். இப்போதைய வழியில், வட்டி இதற்கு மேல் மாறாது என்று வைத்தால், இனி கட்ட வேண்டியது சுமார் 74.8 லட்சம். கட்டியதையும் சேர்த்தால் 90.9 லட்சம். கடைசித் தவணை 2044 டிசம்பர்.

---

எக்செல்_தம்பி:

சார் சொன்ன எண்களை நானும் சரிபார்த்தேன், ஒத்துப்போகுது. ஆனா அக்கா, 90.9 லட்சம்னு பார்த்துப் பயந்துடாதீங்க. 2044-ல கட்டப்போற 32,909-க்கு இன்னைக்கு இருக்கிற மதிப்பு இருக்காது. சம்பளம் ஏறும், இ.எம்.ஐ. பெரும்பாலும் அப்படியே நிக்கும். இந்த மொத்தத் தொகை வழிகளை ஒண்ணோட ஒண்ணு ஒப்பிடத்தான் உதவும். "வீட்டுக்கு 90 லட்சம் கொடுத்து ஏமாந்துட்டோம்"னு எடுத்துக்காதீங்க. வாடகை மிச்சமானதையும் அந்தக் கணக்குல சேர்க்கணும்.

---

சரவணம்பட்டி_ரமா:

கடனை அவசரப்பட்டு அடைக்காதீங்க. வீட்டுக் கடன் வட்டிக்கு வருமான வரிச் சலுகை இருக்கு. அதே பணத்தை மியூச்சுவல் ஃபண்டில் எஸ்.ஐ.பி.யா, அதாவது மாசாமாசம் போட்டா 12 சதவீதம் கிடைக்கும்.

---

பழைய_பாஸ்புக்:

ரமா மேடம் சொன்ன இரண்டையும் பலர் சொல்கிறார்கள், அதனால் விரிவாகவே எழுதுகிறேன்.

வரிச் சலுகை பழைய வரி முறையில் இருப்பவர்களுக்கு மட்டும். தாங்களே குடியிருக்கும் வீட்டுக்கு வருஷத்துக்கு 2 லட்சம் வரைதான் வட்டியைக் கழிக்கலாம். இவர்கள் 2023-24-ல் கட்டிய வட்டி மூன்றரை லட்சத்துக்கும் மேல். அந்த அதிகப்படிக்கு ஒரு பைசா சலுகை கிடையாது. 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கே இதனால் வருஷத்துக்கு 62,400 ரூபாய்தான் மிச்சம், 20 சதவீத வரம்பு என்றால் 41,600. புதிய வரி முறைக்கு மாறியிருந்தால் குடியிருக்கும் வீட்டுக்கு அந்தச் சலுகையே இல்லை. வரி மிச்சத்துக்காக வட்டி கட்டிக்கொண்டிருப்பது எந்தக் காலத்திலும் லாபக் கணக்கு ஆகாது.

ஃபண்டில் 12 சதவீதம் வரலாம், வராமலும் போகலாம். கடனை அடைத்தால் 8.15 சதவீதம் நிச்சயம், அதற்கு வரியும் இல்லை. ஆனால் ஒன்று: ஆறு மாதச் செலவுக்கான பணம் கையில் இல்லாமல் கடனை அடைக்கப் போகாதீர்கள். வங்கிக்குக் கட்டிய பணம் நாளைக்கு ஆஸ்பத்திரிச் செலவு என்றால் திரும்பி வராது.

---

சோமனூர்_தறி:

அவர் போன வருஷமே புதிய முறைக்கு மாறிட்டார். அப்போ வரியைப் பற்றி யோசிக்க வேண்டியதே இல்லை. ஃபிக்ஸட் டெபாசிட்டில் கொஞ்சம் இருக்கு, அவசரத்துக்கு வெச்சது போக ஒரு லட்சம் எடுக்கலாம். இ.எம்.ஐ. மாசம் மூவாயிரம் ஏத்தினாலும் சமாளிச்சுடுவோம். எதை முதல்ல செய்யணும் சார்?

---

பழைய_பாஸ்புக்:

முதலில் வட்டியைக் குறைக்கச் சொல்லுங்கள். உங்கள் ஸ்ப்ரெட் 2.9. புதிதாகக் கடன் வாங்குபவர்களுக்கு இதைவிடக் குறைவாகக் கொடுக்கிறார்கள். அதே வங்கி வாசலில் உங்களுக்குப் பின்னால் நிற்பவர் உங்களைவிடக் குறைந்த வட்டியில் வாங்கிப் போவார். பழைய வாடிக்கையாளர் கேட்காத வரை யாரும் இறக்கித் தரமாட்டார்கள். மூன்று வருஷத்துக்கு ஒரு முறைதான் ஸ்ப்ரெட்டில் கைவைக்க முடியும் என்று சாக்குச் சொன்னால் விடாதீர்கள். உங்களுக்கு மூன்று வருஷம் எப்போதோ தாண்டிவிட்டது. தவிர, வாடிக்கையாளரைத் தக்கவைக்க அதற்கு முன்பே குறைக்கலாம் என்று 2025 அக்டோபரிலிருந்து ரிசர்வ் வங்கி வழி விட்டிருக்கிறது. மாற்றுக் கட்டணம் என்று கொஞ்சம் கேட்பார்கள், கொடுத்துவிடுங்கள்.

7.5-க்கு இறங்கினால், இ.எம்.ஐ. 32,909-ஐத் தொடாமலே 228 தவணை 206 ஆகிவிடும். சுமார் 7 லட்சம் மிச்சம்.

அடுத்தது இ.எம்.ஐ. இதை 35,712 ஆக்கினால், வட்டி 8.15-லேயே இருந்தாலும் பழையபடி 190 தவணை, 2041 அக்டோபரில் முடியும். வட்டியும் 7.5-க்கு இறங்கி, இ.எம்.ஐ.யும் 35,712 ஆனால் 176 தவணை. இனிக் கட்டுவது 74.8 லட்சத்துக்குப் பதில் சுமார் 62.8 லட்சம். அவர் ஓய்வு பெறுவதற்குச் சில வருஷம் முன்பே பத்திரம் கைக்கு வந்துவிடும்.

இதை வாயால் கேட்காதீர்கள், கடிதமாகக் கொடுத்து ஒப்புதல் முத்திரை வாங்குங்கள். 2023 ஆகஸ்ட் 18-ல் ரிசர்வ் வங்கி போட்ட சுற்றறிக்கையைக் கடிதத்தில் குறிப்பிடுங்கள். வட்டி மாறும்போது இ.எம்.ஐ.யை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு. ஏற்கெனவே ஓடும் கடன்களுக்கும் அது பொருந்தும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை ஸ்டேட்மென்ட்டும் தர வேண்டும்: அதுவரை பிடித்த அசல், வட்டி, இப்போதைய இ.எம்.ஐ., மீதித் தவணை எல்லாம் அதில் இருக்க வேண்டும். இனிமேல் அந்தத் தாளில் நீங்கள் முதலில் பார்க்க வேண்டியது மீதித் தவணை எத்தனை என்பதைத்தான்.

---

மூன்றாம்_தெரு:

வங்கி இறங்கி வரலைன்னா வேற வங்கிக்கு மாத்திடலாம். மாறும் வட்டிக் கடனுக்கு முன்கூட்டி முடிக்கும் கட்டணம் வாங்கக் கூடாதுன்னு 2012-லேயே உத்தரவு இருக்கு. ஆனா செலவே இல்லைன்னு நினைச்சுடாதீங்க. புது வங்கிக்கு ப்ராசஸிங் ஃபீஸ், வக்கீல் ஒப்பினியன், வேல்யூவேஷன் எல்லாம் உண்டு. நம்ம ஊர்ல எம்.ஓ.டி.யை (பத்திரத்தை வங்கியில அடமானமா வெச்சதுக்கான ஆவணம்) மறுபடி பதிவு பண்ணணும், அதுக்கு அரை சதவீத முத்திரைத்தீர்வை. 38 லட்சத்துக்கு அதுவே 19,000 ரூபாய். பழைய எம்.ஓ.டி.யை ரத்து பண்ணி, ஈ.சி.யில (வில்லங்கச் சான்று) அது ஏறியிருக்கான்னும் பார்க்கணும். அதனால முதல்ல உங்க வங்கியிலேயே கேளுங்க. இன்னொரு வங்கி கடன் தர ஒப்புக்கிட்ட சாங்ஷன் லெட்டரைக் கையில வெச்சுக்கிட்டுப் பேசினா பதில் வேற மாதிரி வரும்.

---

எக்செல்_தம்பி:

அக்கா, ஒரு லட்சம் கணக்கும் போட்டேன். இன்னைக்கு 8.15-ல ஒரு லட்சம் கட்டினா கடைசியிலிருந்து 13 தவணைக்கு மேல கழியுது. அந்தத் தவணைகள் ஏறக்குறைய 4.46 லட்சம். அதே லட்சத்தை 2040-ல கட்டினா இதுல பெரும்பகுதி கிடைக்காது, முன்னாடி கட்டறதுலதான் பலமே. இன்னொரு சந்தேகம்: கடனோட சேர்த்து இன்சூரன்ஸ் ஏதாவது எடுத்தீங்களா?

---

சோமனூர்_தறி:

ஆமாங்க தம்பி. 1,10,000 ரூபாய், ஒரே பிரீமியம். கடன் கிடைக்கணும்னா எடுத்தே ஆகணும்னு சொன்னாங்க. அந்தப் பணத்தையும் கடன்லயே சேர்த்துட்டாங்க. 40 லட்சம்னு சொன்னதுல அதுவும் அடக்கம். பாலிசித் தாளில் காலம் 20 வருஷம்னு போட்டிருக்கு.

---

பழைய_பாஸ்புக்:

எடுத்தே ஆக வேண்டும் என்று விதி எதுவும் இல்லை. அந்த 1,10,000-க்கும் சேர்த்துத்தான் வட்டி ஓடுகிறது. முதலில் போட்ட 20 வருஷக் கணக்கிலேயே அசலும் வட்டியுமாக அது 2 லட்சத்தைத் தாண்டும்.

அதைவிட முக்கியமானது வேறு. இந்த மாதிரி பாலிசியில் காப்புத் தொகை வருஷா வருஷம் குறையும், கடன் வாங்கிய அன்று போட்ட அட்டவணைப்படி. தாளின் பின்பக்கத்தில் அந்த அட்டவணை இருக்கும், எடுத்துப் பாருங்கள். உங்கள் பழைய அட்டவணைப்படி 50 தவணைக்குப் பிறகு நிலுவை 35.51 லட்சம். உண்மையில் இருப்பதோ 38.05 லட்சம். அட்டவணை அப்படியே இருந்தால், இன்று அவருக்கு ஏதாவது ஆனால் காப்பீட்டுப் பணம் போகவும் இரண்டரை லட்சம் உங்கள் தலையில் நிற்கும். காலத்தைக் குறைக்காமல் விட்டால் 2041-ல் பாலிசி முடிந்துவிடும், கடன் மட்டும் 2044 வரை ஓடும். அவர் பேரில் தனியாக ஒரு டெர்ம் பாலிசி (உயிருக்கு மட்டும் காப்பு தரும் பாலிசி) எடுப்பது நல்லது. வங்கி மூலமாக வேண்டாம், நேரடியாக எடுங்கள். பழையதை அவசரப்பட்டு சரண்டர் செய்யாதீர்கள். புதியது கைக்கு வந்த பிறகு யோசிக்கலாம்.

---

சோமனூர்_தறி:

ரொம்ப நன்றிங்க சார். நேத்து நானும் அவரும் கடிதத்தோட போனோம். முதல்ல அதே பதில்தான். சுற்றறிக்கைத் தேதியைச் சொன்னதும் மேலாளரே கூப்பிட்டு உட்காரவெச்சுப் பேசினார். வட்டி 7.5-க்கு மாத்தறதுக்கு மண்டல அலுவலகத்துக்கு அனுப்பறேன்னு எழுதி வாங்கிக்கிட்டார், முத்திரை போட்ட நகல் கையில இருக்கு. இ.எம்.ஐ. ஏத்தற படிவமும் கொடுத்தாச்சு. ஒரு லட்சத்தை அடுத்த வாரம் கட்டறோம். ஆப்லயே கட்டலாமா, நேர்ல போகணுமா?

---

மூன்றாம்_தெரு:

நேர்ல போங்க அக்கா. ஆப்ல கட்டினா சில வங்கியில அது அடுத்தடுத்த தவணைக்கு முன்பணமா போய் உட்கார்ந்துக்கும், அசல்ல கழியாது. கிளையில பார்ட் பேமென்ட் படிவம் கேட்டு வாங்கி, "அசலில் வரவு வைக்கவும், இ.எம்.ஐ. மாறாமல் காலத்தைக் குறைக்கவும்"னு எழுதிக் கொடுங்க. சொல்லலைன்னா இ.எம்.ஐ.யைக் குறைச்சு, காலத்தை அப்படியே விட்டுடற வங்கியும் இருக்கு. இரண்டு நாள் கழிச்சு ஸ்டேட்மென்ட் எடுத்து, நிலுவை முழுசா ஒரு லட்சம் குறைஞ்சிருக்கா, மீதித் தவணை எத்தனைன்னு பாருங்க. மண்டல அலுவலகத்திலிருந்து பதில் வந்ததும் இங்கே போடுங்க.