எடைக்குப் போடாமல் வைத்திருக்கும் பழைய இயர்புக், பஞ்சாங்கம்: உங்கள் அனுபவம் என்ன?

விருதுநகர் மாவட்ட உறுப்பினர்:

மாலை நேரத்தில் டி.என்.பி.எஸ்.சி. எழுதும் பிள்ளைகளுக்கு வகுப்பு எடுக்கிறேன். வருடா வருடம் புது இயர்புக் வாங்கிவிடுவோம். பழையவற்றையும் அலமாரியில் அடுக்கி வைத்திருக்கிறேன். "போன வருஷத்து நடப்பு நிகழ்வு யாருக்கு சார் வேணும்?" என்று பிள்ளைகள் கேட்பார்கள். தேர்வுக்கு வேண்டாம்தான். ஆனால் அந்த அலமாரியை நான் ஏன் காலி செய்வதில்லை என்பதற்கு ஒரு சம்பவம் சொல்கிறேன்.

எங்களிடம் படித்த ஒரு பெண் தேர்வில் தேறி, சான்றிதழ் சரிபார்ப்புக்குப் போனாள். பிறப்புச் சான்றிதழில் காமராஜர் மாவட்டம் என்று இருந்தது. பள்ளிச் சான்றிதழில் விருதுநகர் மாவட்டம். ஊர் ஒன்றுதான். ஆனால் அங்கே உட்கார்ந்திருந்த இளைஞருக்குக் காமராஜர் மாவட்டம் என்று ஒன்று இருந்ததே தெரியவில்லை. இரண்டும் வேறு வேறு இடமாக இருக்கிறது, விளக்கம் கொண்டு வாருங்கள் என்று சொல்லிவிட்டார்கள். அழாத குறையாக வகுப்புக்கு வந்தாள்.

தொண்ணூறுகளின் நடுவில் வந்த ஓர் இயர்புக்கை எடுத்துத் தமிழ்நாட்டு மாவட்டப் பட்டியலைத் திறந்து காட்டினேன். காமராஜர் மாவட்டம், தலைநகர் விருதுநகர். அதே பக்கத்தில் ஈரோட்டைத் தலைநகராகக் கொண்ட பெரியார் மாவட்டம், தூத்துக்குடியைத் தலைநகராகக் கொண்ட சிதம்பரனார் மாவட்டம், சிவகங்கைப் பக்கம் பசும்பொன் முத்துராமலிங்கத் தேவர் மாவட்டம். அடுத்து 1998-க்குப் பிந்தைய புத்தகத்தை எடுத்தால் அந்தப் பெயர்கள் எதுவுமே இல்லை. நடுவில் நடந்தது 1997. போக்குவரத்துக் கழகம் ஒன்றுக்குக் கட்டபொம்மனின் தளபதி வீரன் சுந்தரலிங்கம் பெயரை வைத்ததை ஒட்டித் தென்மாவட்டங்களில் சாதி மோதல் வெடித்தது. கடைசியில் மாவட்டங்கள், போக்குவரத்துக் கழகங்கள் எல்லாவற்றிலிருந்தும் தலைவர்களின் பெயர்களை அரசு எடுத்துவிட்டது. வகுப்பில் இருந்த பிள்ளைகளில் பாதிப் பேருக்கு இது புதுச் செய்தி.

இயர்புக் பக்கத்தை ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தால் அதை யாரும் சான்றாக ஏற்கமாட்டார்கள். ஆனால் எந்த வருடத்து அரசாணையைக் கேட்க வேண்டும் என்பது அதைப் பார்த்துத்தான் தெரிந்தது. அந்த அரசாணையைக் கையில் வைத்துக்கொண்டு போய்க் காட்டிய பிறகு வேலை முடிந்தது.

தென்னாற்காட்டுக்காரர்களுக்கு இது இன்னும் சிக்கல். கள்ளக்குறிச்சியில் பிறந்த ஐம்பது வயதுக்காரருக்கு ஊர் மாறவே இல்லை, மாவட்டம் மூன்று. 1993 வரை தென்னாற்காடு, பிறகு விழுப்புரம், 2019 முதல் கள்ளக்குறிச்சி. புதுப் புத்தகத்தில் 38 மாவட்டம் என்று அழகாக அச்சிட்டிருக்கும். அதற்கு முன்னால் என்னவாக இருந்தது என்பதை அந்தந்த வருடத்துப் புத்தகம்தான் அன்றைக்கு இருந்தபடியே சொல்லும்.

அப்புறம் ஒரு வருத்தம். மக்கள்தொகைப் பக்கத்தை வருடக்கணக்காகத் திருப்பிக்கொண்டே இருக்கிறேன்: 7,21,47,030, எழுத்தறிவு 80.09 சதவீதம். எல்லாம் 2011-ஆம் ஆண்டுக் கணக்கு. 2021-இல் எடுக்க வேண்டிய கணக்கெடுப்பு கொரோனாவால் தள்ளிப் போனதால், புது அட்டை போட்டு வந்த புத்தகங்களிலும் அதே எண்தான் வந்தது. இதில் புத்தகத்தைக் குறை சொல்ல முடியாது. இது எந்த வருடத்துக் கணக்கு என்பதை மட்டும் தலைப்பிலேயே பெரிதாகப் போட்டால் பிள்ளைகள் குழம்பமாட்டார்கள்.

கோவை உறுப்பினர்:

நான் சொல்ல வந்தது இயர்புக் இல்லை, தமிழ் வளர்ச்சிக் கழகத்தின் கலைக்களஞ்சியம். எங்கள் ஊர் நூலகத்தில் பார்வை நூல் பகுதியில் பத்துத் தொகுதியும் இருந்தன. வீட்டுக்கு எடுத்துப் போக முடியாது, அங்கேயே உட்கார்ந்துதான் படிக்க வேண்டும். கல்லூரி விடுமுறையில் போய் உட்கார்ந்தால் நூலகர் விளக்கை அணைக்கும்வரை எழுந்திருக்கமாட்டேன்.

அவினாசிலிங்கம் செட்டியார் கல்வி அமைச்சராக இருந்தபோது தொடங்கிய கழகம் அது. பெரியசாமித் தூரன் தலைமைப் பதிப்பாசிரியர். முதல் தொகுதி 1954-இல் வந்தது. ஒன்பதாம் தொகுதியோடு 1963-இல் அகரவரிசை முடிந்தது. விடுபட்டதையும் புதிதாகச் சேர்ந்ததையும் வைத்து இணைப்புத் தொகுதி 1968-இல். இந்த ஆண்டுகளை நான் மனப்பாடமாகச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. முதல் தொகுதி அச்சானபோது கன்னியாகுமரி திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்தது. தொகுதிகள் வந்துகொண்டிருக்கும்போதே, 1956-இல், அது நம்மோடு சேர்ந்துவிட்டது. கடைசித் தொகுதி வரும்போதுகூட மாநிலத்தின் பெயர் தமிழ்நாடு ஆகவில்லை, அது 1969 ஜனவரியில். நிலவில் மனிதன் கால் வைத்ததும் அதே 1969-இல்தான். ஆக, நிலவுக்கு மனிதன் போகாத ஓர் உலகத்தைத் தமிழில் முழுதாக விளக்கி வைத்த நூல் அது. பக்கம் பக்கமாக இயற்பியல், தாவரவியல், மருத்துவம், எல்லாம் தமிழில். கலைச்சொல் இல்லாத இடத்தில் ஆக்கிக்கொண்டு எழுதினார்கள். அந்த உழைப்பை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு நெஞ்சு நிறைகிறது.

சில வருடம் கழித்துப் போனபோது அந்த அலமாரியில் போட்டித் தேர்வு கைடுகள் இருந்தன. "பழசாகிவிட்டது, தகவல் எல்லாம் மாறிவிட்டது" என்றார் புதிதாக வந்தவர். மின்வடிவில் தமிழ் இணையக் கல்விக்கழகத் தளத்தில் படிக்கலாம், அது பெரிய ஆறுதல். ஆனாலும் அச்சுத் தொகுதிகளைக் கழித்தது சரி என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. தகவல் மாறியதால்தானே அதை வைத்திருக்க வேண்டும்?

புதுச்சேரி உறுப்பினர்:

மேலே இருவரும் சொன்னதை ஜோதிடர்கள் எந்தக் காலத்திலோ புரிந்துகொண்டுவிட்டார்கள். அவர்கள் பழைய பஞ்சாங்கத்தைக் கழிப்பதே இல்லை. ஜாதகம் கணிக்க வருபவர் பிறந்த வருடத்துப் பஞ்சாங்கம் இருந்தால்தானே அன்றைய கிரக நிலை தெரியும்.

என் அம்மாச்சிக்கு முதியோர் உதவித்தொகைக்குப் பிறந்த தேதி கேட்டார்கள். அவருக்குத் தெரிந்தது "சர்வதாரி வருஷம், ஆவணி மாசம், ரோகிணி". அவ்வளவுதான். அறுபது வருடச் சுழற்சியில் சர்வதாரி என்றால் 1948 அல்லது 2008. அம்மாச்சிக்கு 1948 என்பதில் சந்தேகம் இல்லை. தெருக்கோடி ஜோதிடர் பரணிலிருந்து அந்த வருடத்துப் பஞ்சாங்கத்தை இறக்கி, ஆவணியில் ரோகிணி வந்த நாளை விரலால் காட்டினார். எழுபது வயதுக்கு மேல் தன் பிறந்தநாளை ஆங்கிலத் தேதியில் முதல்முறையாகக் கேட்ட அம்மாச்சி அதைத் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்தார்.

பஞ்சாங்கம் வாங்கும்போது வாக்கியமா (பழைய வாய்பாடுகளின்படி கணிப்பது) திருக்கணிதமா (இன்றைய வானியல் கணக்கின்படி திருத்தியது) என்று பார்த்து வாங்குங்கள். சனி கும்பத்துக்கு வந்தது திருக்கணிதப்படி 2023 ஜனவரி 17, வாக்கியப்படி 2023 டிசம்பர் 20. மீனத்துக்குத் திருக்கணிதம் 2025 மார்ச் 29, வாக்கியம் 2026 மார்ச் 6. 2025-இல் எங்கள் உறவினர்கள் திருநள்ளாறு போக வேன் பேசிவிட்டார்கள். அந்தக் கோயில் வாக்கியத்தைப் பின்பற்றுவதால் பெயர்ச்சி 2026-இல்தான் என்று அறிவிப்பு வந்த பிறகு ரத்து செய்தார்கள்.

வாக்கியத்தை மட்டமாகப் பேசுபவர்களுக்கு ஒரு செய்தி. 1825-இல், முன்பு சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய ஜான் வாரன் என்பவர் இதே புதுச்சேரியில் ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதரைச் சந்திர கிரகணம் கணிக்கச் சொல்லிப் பார்த்து எழுதி வைத்திருக்கிறார். காகிதம் கிடையாது, தரையில் சோழிகளை நகர்த்தியே கணக்கு. அட்டவணை எல்லாம் சொற்களாக மனப்பாடம். கிரகணத் தொடக்கத்தில் பிழை 4 நிமிடம், நடுவில் 23, முடிவில் 52. இன்றைய துல்லியம் இல்லைதான். ஆனால் மனப்பாடத்தையும் சோழியையும் மட்டும் வைத்துத் தொடக்கத்தை 4 நிமிடத்துக்குள் சொன்ன அந்த மனிதரை நான் வணங்குகிறேன்.

என் சேகரிப்பில் விஜய வருடத்து (2013–14) வாக்கியப் பஞ்சாங்கம் இல்லை. யாரிடமாவது இரண்டு பிரதி இருந்தால் சொல்லுங்கள், தபால் செலவு நான் தருகிறேன். பதிலுக்கு நந்தன வருடத்தது ஒன்று கூடுதலாக இருக்கிறது.